எல்லாப் பிள்ளைக்கும் ஒரே வாசல்



இங்கிலாந்தில் எல்லாப் பிள்ளைகளையும் சேர்த்துக்கொள்ளும் இடைநிலைப் பள்ளி எப்படி வந்தது, அதில் என்னென்ன வசதி இருந்தது என்பதுதான் எனக்குக் கொடுக்கப்பட்ட பொருள். காரவள்ளியிலிருந்து எழுபது கொண்டை ஊசி வளைவு ஏறிக் கொல்லிமலைக்கு வந்து இலண்டன் பள்ளிக்கூடத்தைப் பற்றிப் பேசுவானேன் என்று சிலர் நினைக்கலாம். நியாயமான கேள்வி. பதினோரு வயதில் ஒரு பிள்ளையை நிறுத்திவைத்து, நீ இந்தப் பக்கம், நீ அந்தப் பக்கம் என்று பிரிக்கலாமா என்று அந்த நாடு இருபது வருடத்துக்கு மேல் சண்டை போட்டது. அதே வயதில், அதே மாதிரி ஒரு தேர்வை நம் பிள்ளைகளும் இன்றைக்கு எழுதிக்கொண்டிருக்கிறார்கள். அவர்கள் சண்டை போட்டார்கள், நாம் போடவில்லை. அதனால்தான் அந்தக் கதையை இங்கே சொல்ல வந்தேன்.

1944இல், இரண்டாம் உலகப் போர் முடிவதற்கு முன்பே, இங்கிலாந்து ஒரு கல்விச் சட்டம் கொண்டுவந்தது. கொண்டுவந்தவர் பட்லர் என்ற அமைச்சர். இடைநிலைக் கல்வி எல்லோருக்கும் இலவசம் என்றது சட்டம். 1947இல் பள்ளியை விட்டுப் போகும் வயதைப் பதினைந்தாக உயர்த்தினார்கள், 1972இல் பதினாறாக. பெரிய காரியம்தான். ஆனால் எல்லோருக்கும் கல்வி என்றார்களே தவிர, எல்லோருக்கும் ஒரே பள்ளி என்று சொல்லவில்லை. ‘கிராமர்’ பள்ளி, ‘மாடர்ன்’ பள்ளி, தொழில்நுட்பப் பள்ளி என்று மூன்று தரம் வைத்துக்கொண்டார்கள். பதினோரு வயதில் ஒரு தேர்வு: கொஞ்சம் கணக்கு, கொஞ்சம் ஆங்கிலம், கொஞ்சம் அறிவுத்திறன் வினாக்கள். அதில் தேறிய ஐந்தில் ஒரு பங்கு, நான்கில் ஒரு பங்குப் பிள்ளைகள் கிராமர் பள்ளிக்குப் போய், பல்கலைக்கழகத்துக்குப் போகிற பாதையில் ஏறினார்கள். மற்றவர்களில் பெரும்பாலோர் மாடர்ன் பள்ளிக்குப் போனார்கள். தொழில்நுட்பப் பள்ளிகளைப் பேச்சளவில் வைத்துக்கொண்டார்களே ஒழிய, பெரும்பாலான இடங்களில் கட்டவே இல்லை.

பிறவி அறிவு என்று ஒன்று உண்டு, அதைப் பதினோரு வயதிலேயே அளந்துவிடலாம் என்று அந்தக் காலத்து உளவியலாளர்கள் அடித்துச் சொன்னார்கள். நடைமுறை வேறாக இருந்தது. ஒரு மாவட்டத்தில் கிராமர் பள்ளி இடங்கள் அதிகம், பக்கத்து மாவட்டத்தில் குறைவு. எல்லைக்கு இந்தப் பக்கம் தேறும் பிள்ளை அந்தப் பக்கம் தோற்றது. பெண்பிள்ளைகளுக்கு இடம் குறைவாக இருந்த ஊர்களில், பையனை விட அதிக மதிப்பெண் வாங்கினால்தான் பெண்ணுக்கு இடம். அளந்தது அறிவையா, காலியாக இருந்த பெஞ்சுகளையா என்று கேட்டால் பதில் சொல்ல ஆளில்லை.

இதை எதிர்த்து எழுந்ததுதான் பொதுப் பள்ளி. ஒரு வட்டாரத்துப் பிள்ளைகள் எல்லோரும், தேர்வு இல்லாமல், ஒரே வாசல் வழியாக உள்ளே வரவேண்டும். இலண்டனில் இதற்கென்றே புதிதாகக் கட்டிய முதல் பள்ளி கிட்புரூக். திறந்த வருடம் 1954. பெண்கள் பள்ளி, ஏறக்குறைய இரண்டாயிரம் மாணவிகளுக்குத் திட்டமிட்டது. அவ்வளவு பெரிதாகக் கட்டியதற்குக் காரணம் உண்டு. எல்லா வகைப் பிள்ளைகளும் வந்தால் எல்லா வகைப் பாடமும் வேண்டும். இலத்தீனும் வேண்டும், தட்டச்சும் வேண்டும். வேதியியல் ஆய்வகமும் வேண்டும், தையல் அறையும் வேண்டும். சின்னப் பள்ளியில் இத்தனையும் வைக்க முடியாது. வக்கீலாகப் போகிறவளும் துணிக்கடைக்கு வேலைக்குப் போகிறவளும் காலையில் ஒரே கூடத்தில் நின்று வழிபாடு முடித்துவிட்டுத்தான் வகுப்புக்குப் போகவேண்டும் என்பது ஏற்பாடு. வசதிகள் என்று இன்று நாம் பட்டியல் போடுகிறோமே, அந்தப் பள்ளியில் ஒவ்வொரு வசதிக்கும் பின்னால் ஒரு கொள்கை இருந்தது.

எதிர்ப்பு வராமல் இருக்குமா? பக்கத்தில் எல்த்தம் ஹில் என்று ஒரு கிராமர் பள்ளி. அதை மூடி, மாணவிகளைக் கிட்புரூக்கில் சேர்க்க இலண்டன் கவுண்டி மன்றம் திட்டமிட்டது. பெற்றோர் கொதித்தார்கள். அமைச்சர் ஃபுளோரன்ஸ் ஹார்ஸ்பரோ அனுமதி மறுத்தார். ஆகவே எல்லோருக்குமான பள்ளி, எல்த்தம் ஹில்லின் தேர்ந்தெடுத்த பிள்ளைகள் வராமலேயே தொடங்கியது. இந்த இடத்தை மறந்துவிடாதீர்கள், பின்னால் இங்கேயே திரும்பி வரவேண்டியிருக்கும்.

1965இல் கல்வி அமைச்சர் ஆண்டனி கிராஸ்லாண்ட் 10/65 என்ற எண்ணுள்ள சுற்றறிக்கை அனுப்பினார். உள்ளாட்சிகள் எல்லாம் பொதுப் பள்ளிக்கு மாறத் திட்டம் போட்டு அனுப்பும்படி அதில் கேட்டுக்கொண்டார், கட்டளையாகப் போடவில்லை. 1970இல் ஆட்சி மாறியதும் மார்கரெட் தாட்சர் கல்வித் துறைக்கு வந்து அந்தச் சுற்றறிக்கையைத் திரும்பப் பெற்றார். வேடிக்கை என்னவென்றால், பொதுப் பள்ளியாக மாறிய பள்ளிகள் வேறெந்தக் கல்வி அமைச்சர் காலத்தையும் விட அவர் காலத்தில்தான் அதிகம். பெற்றோர்களே அதற்குள் மனம் மாறிவிட்டார்கள். தன் பிள்ளை தோற்றுவிடும் என்று தெரிந்த நடுத்தர வர்க்கம், தேர்வு வேண்டாம் என்ற பக்கம் வந்து நின்றது. கொள்கையை விடப் பயம் வேகமாக வேலை செய்யும் போலிருக்கிறது. இன்று இங்கிலாந்து முழுவதும் மிஞ்சியிருக்கும் அரசு கிராமர் பள்ளிகள் 163. புதிதாகத் திறக்கக்கூடாது என்று 1998இல் சட்டமே வந்துவிட்டது.

அதோடு பிரச்சினை தீர்ந்ததா என்றால் இல்லை. தேர்வு போனது, வீட்டு விலை வந்தது. நல்ல பள்ளிக்குப் பக்கத்துத் தெருவில் வீடு வாங்க முடிந்தவர்களின் பிள்ளைகளே அந்தப் பள்ளியை நிரப்பினார்கள். பள்ளிக்குள்ளேயே கெட்டிக்காரப் பிரிவு, மந்தப் பிரிவு என்று சுவர் எழுப்பியவர்களும் உண்டு. பிரைட்டன் நகரம் 2008இல் ஒரு காரியம் செய்தது. இடத்துக்கு மேல் விண்ணப்பம் வந்தால் குலுக்கல். அதற்கும் கூச்சல் எழுந்தது. ஆனால் பணத்தாலும் மதிப்பெண்ணாலும் பிரிக்க விரும்பாதவர்களுக்கு மிச்சமிருந்த வழி அதுதான்.

இப்போது நம் மலைக்கு வருவோம். வரும் வழியில் ஒரு பையனைச் சந்திக்க வேண்டும்.

1913இல் ஜெஸ்ஸி பிராண்ட், எவலின் பிராண்ட் என்ற ஆங்கிலேயத் தம்பதி ஊழியம் செய்யக் கொல்லிமலைக்கு வந்தார்கள். அப்போது சாலை கிடையாது. மலைக்காய்ச்சல் உண்டு. வந்தவர்கள் மருந்து கொடுத்தார்கள், பள்ளிக்கூடம் வைத்தார்கள், விவசாயம் பார்த்தார்கள். ஜெஸ்ஸி 1929இல் காய்ச்சலில் இங்கேயே இறந்தார். எவலின் முதிர்ந்த வயதிலும் மலைகளில் ஊழியம் செய்தார். 1974இல் காலமானபோது கணவருக்குப் பக்கத்திலேயே அடக்கம் செய்தார்கள். இவர்கள் மகன் பால் பிராண்ட். 1914இல் பிறந்தவர், மரமேறியும் காடு சுற்றியும் இந்த மலையில் வளர்ந்தவர். அம்மாதான் வாத்தியார். ஒன்பது வயதில் படிப்புக்காக இங்கிலாந்துக்கு அனுப்பிவிட்டார்கள்.

பள்ளியில் பால் சொல்லிக்கொள்ளும்படி படிக்கவில்லை. பதினாறு வயதில் பள்ளியை விட்டுக் கட்டட வேலை கற்கப் போனார்: தச்சு, கொத்து எல்லாம். சில வருடம் கழித்துத்தான் மருத்துவத்தின் பக்கம் மனம் திரும்பியது. 1946இல் வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரிக்கு வந்து, தொழுநோயால் மடங்கிப்போன விரல்களைத் தசைநாண் மாற்றி நிமிர்த்தும் அறுவை சிகிச்சையில் உலகப் பெயர் வாங்கினார். தச்சு வேலை கற்ற கை அது. ஒரு கை எப்படி இயங்குகிறது, எந்த இடத்தில் எவ்வளவு இழுவிசை வேண்டும் என்று யோசிப்பதற்கு அந்தப் பழக்கம் உதவியது.

அந்தப் பையனைப் பதினோரு வயதில் உட்காரவைத்துத் தேர்வு எழுதச் சொல்லியிருந்தால் எந்தப் பக்கம் தள்ளியிருப்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள். தேறியிருப்பார் என்று என்னால் சொல்ல முடியாது. தோற்றிருந்தாலும் அவர் பிறகு எழுந்து வர அவருக்குப் பின்னால் ஒரு குடும்பமும் சபையும் நாடும் இருந்தன. இந்த மலையில் பிறந்த மலையாளிப் பழங்குடிப் பிள்ளைக்கு அந்த இரண்டாம் வாய்ப்பை யார் தருவார்கள்?

நம் கொல்லிமலையில் பதினான்கு நாடுகள், பதினான்கு ஊராட்சிகள். நாம் கூடியிருக்கும் பைல் நாடு அதில் ஒன்று. 2011 கணக்கெடுப்பின்படி மலையில் சுமார் நாற்பதாயிரம் பேர். பெரும்பாலோர் பழங்குடிப் பட்டியலில் உள்ள மலையாளிகள். ஊர்கள் சிதறிக் கிடப்பவை. மேட்டில் நான்கு வீடு, பள்ளத்தில் பத்து வீடு. ஐந்தாம் ஐந்தாண்டுத் திட்டக் காலத்தில் பழங்குடியினர் துணைத் திட்டம் வந்தபோது, கொல்லிமலை ஒருங்கிணைந்த பழங்குடியினர் வளர்ச்சித் திட்டப் பகுதிகளில் ஒன்றானது. பள்ளிக்குத் தினமும் நடந்து வர முடியாத பிள்ளைகளுக்கு உண்டு உறைவிடப் பள்ளிதான் வழி. தமிழகத்தில் அரசு பழங்குடியினர் உண்டு உறைவிடப் பள்ளிகள் முந்நூறுக்கும் மேல் இருக்கின்றன. படிப்பு, சோறு, படுக்கை மூன்றும் ஒரே இடத்தில். யாரும் தேர்வு எழுதி உள்ளே வருவதில்லை. கொள்கையளவில் பார்த்தால், இங்கிலாந்துக்காரர்கள் சண்டை போட்டுப் பெற்ற பொதுப் பள்ளி நம்மிடம் சத்தமில்லாமல் முன்பே இருக்கிறது.

வசதி என்று வரும்போதுதான் கதை மாறுகிறது. ஆய்வகம், நூலகம், கணினி என்று ஆய்வுக் குழுக்கள் எண்ணிக்கொண்டு போகும். மலையில் வசதியை வேறு இடத்திலிருந்து எண்ணத் தொடங்க வேண்டும். விடுதிப் பிள்ளை ஒருவனின் தகரப் பெட்டியைத் திறந்து பாருங்கள். மூடியில் வெள்ளைப் பெயிண்டில் பெயரும் வகுப்பும். உள்ளே புத்தகம், தேங்காய் எண்ணெய்ப் புட்டி, பாதி கரைந்த சோப்பு, ஒரு டார்ச் லைட், வீட்டில் அம்மா பழைய செய்தித்தாளில் மடித்துக் கொடுத்த வறுத்த கடலை, அடியில் காய்ந்தும் காயாத ஒரு சட்டை. ஐப்பசி, கார்த்திகையில் இந்த மலையில் துணி காயாது. சீருடை எத்தனை செட் கொடுத்தாலும் காயப்போட மூடிய இடம் இல்லை என்றால் பிள்ளை ஈரத்தோடுதான் உட்காரும். ஈரத்தோடு உட்காரும் பிள்ளைக்கு இருமல். இருமும் பிள்ளையை வீட்டுக்கு அனுப்புவார்கள். போன பிள்ளை காப்பிப் பழம் பறிக்கப் போய், அப்படியே மிளகு அறுவடையையும் முடித்துவிட்டுத்தான் வரும். வராமலும் போகலாம். இடைநிற்றல் என்று அறிக்கையில் ஒரு சொல்லில் எழுதிவிடுவதன் தொடக்கம் ஒரு துணிக்கொடியாக இருக்கும்.

அந்த டார்ச் லைட் எதற்கு என்று கேளுங்கள். இரவில் கழிப்பறைக்குப் போக. வழியில் விளக்கில்லாத விடுதியில் பெண்பிள்ளைகள் சாயங்காலத்துக்கு மேல் தண்ணீர் குடிப்பதையே குறைத்துக்கொள்வார்கள். மார்கழிக் குளிரில் வெந்நீர், படுக்கப் பாய்க்குக் கீழே ஒரு பலகை, காய்ச்சல் வந்த பிள்ளையைத் தனியே வைக்க ஓர் அறை, இரவு தங்கும் காப்பாளர். இவையெல்லாம் இருந்த பிறகுதான் ஸ்மார்ட் வகுப்பறை. தமிழகத்தின் பல உண்டு உறைவிடப் பள்ளிகளில் பகலில் வகுப்பறையாக இருப்பதே இரவில் படுக்கையறை. காலையில் பாயைச் சுருட்டிப் பெட்டிகளைச் சுவரோரம் தள்ளினால் வகுப்பு, சாயங்காலம் பெஞ்சைத் தள்ளினால் விடுதி. விடுதி மாணவர்களின் உணவுப் படி 2023இல் மாதம் 1,000 ரூபாயிலிருந்து 1,400 ஆக உயர்ந்தது, நல்லது. கணக்குப் போட்டால் நாளொன்றுக்கு ஏறக்குறைய 47 ரூபாய்.

ஆசிரியர்களைக் குறை சொல்ல நான் வரவில்லை. நாமக்கல்லிலிருந்தும் சேந்தமங்கலத்திலிருந்தும் பஸ் ஏறி வருகிறவருக்குச் சாயங்காலப் பஸ்ஸை விட்டால் வீடு போய்ச் சேர முடியாது. தங்க நல்ல குடியிருப்பு இருந்தால் தங்குவார். ஆசிரியர் குடியிருப்பும் பள்ளியின் வசதியில் சேர்த்திதான்.

இப்போது ஏகலைவா. 1997–98இல் மத்திய அரசு தொடங்கிய ஏகலைவா மாதிரி உண்டு உறைவிடப் பள்ளித் திட்டத்தில் நம் மலையில் செங்கரையில் ஒரு பள்ளி உண்டு. ஆறு முதல் பன்னிரண்டு வரை. திட்டத்தின் அளவுகோல்கள் பெரியவை: ஒரு பள்ளிக்கு 480 பிள்ளைகள், பத்தாம் வகுப்பு வரை வகுப்புக்கு 60 பேர், மேல்நிலையில் 90, ஆணுக்கும் பெண்ணுக்கும் சரிபாதி. புதிதாக ஒரு பள்ளி கட்ட மலைப்பகுதிக்கு முதலில் 24 கோடி என்று வைத்திருந்ததைப் பிறகு 48 கோடியாக்கினார்கள். ஒரு பிள்ளைக்கு ஆண்டுச் செலவு 61,500 ரூபாயிலிருந்து 1,09,000 ஆனது. 2018இல், பாதிக்கு மேல் பழங்குடியினரும் குறைந்தது இருபதாயிரம் பழங்குடி மக்களும் உள்ள ஒன்றியங்கள் எல்லாவற்றிலும் இந்தப் பள்ளி என்று முடிவெடுத்தார்கள். பழங்குடிப் பிள்ளைக்கு இவ்வளவு செலவழிக்கலாம் என்று ஓர் அரசு எழுத்தில் ஒப்புக்கொண்டது சாதாரண விஷயமில்லை. அதை நான் மனமார வரவேற்கிறேன்.

ஆனால் வாசலில் தேர்வு இருக்கிறது. ஐந்தாம் வகுப்பு முடிக்கும் பிள்ளை ஆறாம் வகுப்புச் சேர்க்கைக்கு எழுதவேண்டும். வயது பத்து, பதினொன்று. பட்லர் காலத்து வயதேதான். தேறுகிற பிள்ளை எப்படிப்பட்டது? பெரும்பாலும் அம்மாவோ அப்பாவோ கொஞ்சம் படித்திருப்பார்கள், வீடு சாலையோரமாக இருக்கும், ஐந்தாம் வகுப்பு ஆசிரியர் ஒழுங்காக வந்திருப்பார். பள்ளத்தில் இருக்கும் பத்து வீட்டுப் பிள்ளை தோற்பதற்கும் அதன் மூளைக்கும் சம்பந்தம் குறைவு. எங்கே உதவி அதிகம் வேண்டுமோ அந்தப் பிள்ளையை வெளியே நிறுத்திவிட்டு, கொஞ்சம் முன்னேறிய பிள்ளைக்கு 1,09,000 ரூபாய் செலவழிக்கிறோம். கிட்புரூக்குக்கு எல்த்தம் ஹில் பிள்ளைகள் வராமல் போனது போல, இங்கும் ஆறாம் வகுப்பில் சாதாரண உண்டு உறைவிடப் பள்ளி தன் முன்வரிசையை இழக்கிறது. பக்கத்தில் உட்கார்ந்து கணக்குச் சொல்லிக்கொடுத்த தோழி போய்விடுகிறாள். அவளுடைய அப்பாவும் போய்விடுகிறார். பள்ளி மேலாண்மைக் குழுவில் எழுந்து நின்று கேள்வி கேட்டுக்கொண்டிருந்தவர் அவர்தான்.

சட்டம் என்ன சொல்கிறது? 2009இன் கல்வி உரிமைச் சட்டம், பிரிவு 13, பள்ளிச் சேர்க்கையில் பிள்ளையையோ பெற்றோரையோ வடிகட்டும் எந்த நடைமுறையும் கூடாது என்கிறது. அதே சட்டம் கேந்திரிய வித்யாலயா, நவோதயா, சைனிக் பள்ளி போன்றவற்றைத் தனி வகை என்று வைத்திருக்கிறது. கதவை மூடிவிட்டு ஜன்னலைத் திறந்து வைத்த கதை. கோத்தாரி குழு 1966இலேயே பொதுப் பள்ளி முறையும் அக்கம்பக்கப் பள்ளியும் வேண்டும் என்று சொல்லிவிட்டது. தமிழகம் சமச்சீர்க் கல்விக்கு 2010இல் சட்டம் போட்டது; உச்ச நீதிமன்றம் 2011 ஆகஸ்ட் 9இல் அதை நடைமுறைப்படுத்தச் சொன்னது. நான்கு வாரியப் பாடநூல்கள் ஒன்றாயின. கட்டடம், விடுதி, ஆய்வகம் சமமாக வேண்டும் என்ற பேச்சு அங்கேயே நின்றுவிட்டது.

எதிர்வாதம் எனக்குத் தெரியும். “தேர்ந்தெடுத்துக் கொடுத்தால்தான் நாலு பிள்ளையாவது டாக்டராக வரும், எல்லோருக்கும் பங்கு வைத்தால் யாருக்கும் வயிறு நிறையாது.” இங்கிலாந்திலும் இதையே சொன்னார்கள். நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளியின் மகன் கிராமர் பள்ளியால் பேராசிரியரானது உண்மை. ஆனால் அந்தக் கணக்கில் மேலே போன ஒருவனை எண்ணினார்கள், மாடர்ன் பள்ளியில் தன்னைத் தோற்றவன் என்று நம்பிக்கொண்டே வாழ்ந்த நான்கு பேரை எண்ணவில்லை. நாம் இரண்டு பக்கமும் எண்ணுவோம்.

ஏகலைவாவை மூடச் சொல்ல மாட்டேன். கட்டிய கட்டடத்தை இடிப்பது பைத்தியக்காரத்தனம். தேர்வை எடுத்துவிட்டுக் குலுக்கல் வையுங்கள் என்கிறேன். புதிய யோசனை ஒன்றும் இல்லை. தனியார் பள்ளிகளில் 25 சதவீத ஒதுக்கீட்டுக்குத் தமிழகத்தில் விண்ணப்பம் அதிகமானால் குலுக்கல்தான் நடக்கிறது. ஆறாம் வகுப்பில் 60 இடம். மலைப் பிள்ளைகளுக்கு மட்டும் என்று வைத்துக்கொண்டால் நாட்டுக்கு நான்கு வீதம் 56, மீதி நான்கு பெற்றோரை இழந்த பிள்ளைகளுக்கு. வெளியூர்ப் பிள்ளைகளுக்கும் இடம் தரவேண்டியிருந்தால் விகிதத்தை மாற்றிக்கொள்ளலாம். முறை அதேதான். பைல் நாட்டின் நான்கு சீட்டு ஊரறியக் கூட்டத்தில் எடுக்கப்படட்டும்.

குலுக்கல் மட்டும் போதாது. இடம் கிடைக்காத பிள்ளை திரும்பிப் போகிற பள்ளியும் அதே தரத்தில் இருக்கவேண்டும். இல்லாவிட்டால் நாம் தேர்வுக்குப் பதில் அதிர்ஷ்டத்தை வைத்தவர்கள் ஆவோம், அவ்வளவுதான். ஆகவே பெற்றோர்களுக்கு ஒரு வேலை சொல்லிவிட்டு முடிக்கிறேன். மே 1 கிராம சபைக்குப் பைல் நாட்டிலிருந்து ஒரு தீர்மானம் போகட்டும். அதில் கனவுப் பட்டியல் வேண்டாம், நான்கு வரி போதும். துணி காயவைக்கக் கூரையுள்ள இடம். கழிப்பறை வழிக்கு விளக்கு. இரவுக் காப்பாளரும் ஆசிரியர் குடியிருப்பும். வகுப்பறைக்கு வெளியே தனியாக ஒரு விடுதிக் கட்டடம். ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் எந்தத் துறை, எந்த அலுவலகம், எந்தத் தேதிக்குள் என்று எழுதுங்கள். தீர்மானத்தின் நகல் ஒன்று பள்ளி மேலாண்மைக் குழுவிலும் ஒன்று ஒருங்கிணைந்த பழங்குடியினர் வளர்ச்சித் திட்ட அலுவலகத்திலும் இருக்கட்டும். அடுத்த கிராம சபை ஆகஸ்ட் 15இல் வரும். இந்த மலையில் நடக்கும் ஆடி 18 ஓரி விழா முடிந்து பத்துப் பன்னிரண்டு நாள்தான் இருக்கும். எது நடந்தது, எது நடக்கவில்லை என்று அன்று வாசிக்கச் சொல்லுங்கள்.

நான் சொன்னதில் மாறுபாடு இருப்பவர்கள், குறிப்பாக ஏகலைவாவில் பிள்ளை படிக்கும் பெற்றோர்கள், இப்போதே எழுந்து பேசலாம். கடைசிப் பஸ்ஸுக்கு இன்னும் நேரம் இருக்கிறது.